காப்பீடு இருந்தால் உயிர் பிழைப்பார்களா? வருமானமும் ஆயுளும் குறித்த கேள்வி பதில்

சுகாதாரப் பொருளாதாரம் சொல்லிக்கொடுப்பது என் வேலை. வருமான ஏற்றத்தாழ்வு, மருத்துவக் காப்பீடு, இறப்பு இந்த மூன்றுக்கும் உள்ள தொடர்பைப் பற்றிக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்தவற்றில் பெரும்பாலானவை அமெரிக்காவைப் பற்றியவை. பணக்கார நாடுகளில் இன்னும் எல்லோருக்கும் காப்பீடு இல்லாத நாடு அது. காப்பீடு கிடைத்தவர், கிடைக்காதவர் இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க அங்கே முடிகிறது. அதனால் நானும் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

நித்யா, கோவை: அக்கா, பணம் இருப்பவர் அதிக நாள் வாழ்வார் என்று பொதுவாகச் சொல்கிறார்கள். எவ்வளவு வித்தியாசம் என்று யாராவது கணக்குப் போட்டிருக்கிறார்களா?

போட்டிருக்கிறார்கள். பொருளாதார அறிஞர் ராஜ் செட்டியும் அவருடைய குழுவினரும் 2001 முதல் 2014 வரையிலான வருமான வரிப் பதிவுகளை இறப்புப் பதிவுகளோடு இணைத்துப் பார்த்து, 2016-இல் முடிவை வெளியிட்டார்கள். 40 வயது ஆண்களை எடுத்துக்கொண்டால், வருமானத்தில் உச்சியில் இருக்கும் 1 சதவீதத்தினர் அடியில் இருக்கும் 1 சதவீதத்தினரைவிட 14.6 ஆண்டுகள் கூடுதலாக வாழ்கிறார்கள். பெண்களில் 10.1 ஆண்டுகள்.

இடைவெளி குறையவும் இல்லை. அந்தக் காலத்தில் மேல்தட்டு 5 சதவீத ஆண்களின் ஆயுள் 2.3 ஆண்டுகள் கூடியது. அடித்தட்டு 5 சதவீத ஆண்களுக்குக் கூடியது வெறும் 0.3. மருத்துவம் அவ்வளவு முன்னேறிய ஒரு காலத்தில் நடந்தது இது.

பிரபாகர், சென்னை: ஆரிகனில் குலுக்கல் முறையில் காப்பீடு கொடுத்துப் பார்த்தார்கள், உடல்நலத்தில் ஒரு முன்னேற்றமும் இல்லை என்று படித்தேன். அப்புறம் காப்பீடு உயிரைக் காக்கும் என்று எப்படிச் சொல்கிறீர்கள் மேடம்?

நல்ல கேள்வி, பலர் இங்கேதான் நின்றுவிடுகிறார்கள். 2008-இல் ஆரிகன் மாநிலத்திடம் எல்லா ஏழைகளுக்கும் மெடிகெய்ட், அதாவது ஏழைகளுக்கான அரசுக் காப்பீடு, கொடுக்கப் பணம் இல்லை. சுமார் 90,000 பேர் பெயர் கொடுத்தார்கள். குலுக்கல் போட்டுக் கிட்டத்தட்ட 30,000 பேரைத் தேர்ந்தெடுத்தார்கள். பெயர் வந்தவரையும் வராதவரையும் ஒப்பிட இதைவிட நேர்மையான வழி கிடையாது.

இரண்டு ஆண்டுகள் கழித்துப் பார்த்தபோது ரத்த அழுத்தம், கொழுப்பு, சர்க்கரை அளவு எதிலும் உறுதியாகச் சொல்லும்படியான மாற்றம் இல்லை. நீங்கள் படித்தது அதைத்தான். ஆனால் மனச்சோர்வு கணிசமாகக் குறைந்தது. வருமானத்தில் பெரும்பங்கை விழுங்கும் மருத்துவச் செலவு ஏறக்குறைய நின்றுபோனது.

சாவைப் பற்றி அந்த ஆய்வால் எதுவும் சொல்ல முடியாமல் போனதற்குக் காரணம் எளிது. குலுக்கலில் பெயர் வந்த பலர் கடைசியில் காப்பீட்டில் சேரவே இல்லை. கலந்துகொண்டவர்கள் 19 முதல் 64 வயதினர், அந்த வயதில் இரண்டு ஆண்டுகளுக்குள் இறப்பவர்கள் மிகச் சிலர். அவ்வளவு அரிதாக நடப்பதை அளக்க இன்னும் பல மடங்கு ஆட்கள் வேண்டும்.

அவ்வளவு ஆட்கள் பிறகு வேறொரு ஆய்வில் தற்செயலாகக் கிடைத்தார்கள். காப்பீடு எடுக்காததற்காக அபராத வரி கட்டிய 45 லட்சம் குடும்பங்களுக்குக் கடிதம் போட அமெரிக்க வரித் துறை முடிவு செய்தது. பணம் போதவில்லை. யாருக்குக் கடிதம் போவது என்பதைக் கண்ணைக் கட்டிக்கொண்டு தேர்ந்தெடுத்து, 39 லட்சம் குடும்பங்களுக்கு மட்டும் அனுப்பினார்கள். கடிதத்தில் பெரிதாக ஒன்றும் இல்லை: நீங்கள் அபராதம் கட்டியிருக்கிறீர்கள், காப்பீடு வாங்க இந்த வழி இருக்கிறது, அவ்வளவுதான். அதைப் படித்துச் சிலர் காப்பீட்டில் சேர்ந்தார்கள். அடுத்த இரண்டு ஆண்டுகளில், 45 முதல் 64 வயதினரில் கடிதம் போன 1,648 பேருக்கு ஒரு சாவு குறைந்திருந்தது. ஒரு தபால் உறை செய்த வேலை இது. எனக்கு இதற்கு மேல் சான்று வேண்டியதில்லை.

பெயர் வேண்டாம், ஹூஸ்டன்: எங்கள் மாநிலம் மெடிகெய்டை விரிவாக்கவில்லை. அதனால் உண்மையிலேயே ஆட்கள் செத்தார்களா, அல்லது அரசியலுக்காகச் சொல்கிறார்களா?

செத்தார்கள். 2010-இல் வந்த மருத்துவக் காப்பீட்டுச் சட்டப்படி ஏழைகள் எல்லோருக்கும் மெடிகெய்ட் கிடைத்திருக்க வேண்டும். 2012-இல் உச்ச நீதிமன்றம் அதை மாநிலங்களின் விருப்பத்துக்கு விட்டது. 2014-இல் சில மாநிலங்கள் விரிவாக்கின, டெக்சாஸ், ஃபுளோரிடா போன்றவை மறுத்தன. சாரா மில்லர், நார்மன் ஜான்சன், லாரா வெரி என்ற ஆய்வாளர்கள் மூவரும் 55 முதல் 64 வயது வரையிலான குறைந்த வருமானக்காரர்களைத் தொடர்ந்து பார்த்தார்கள். விரிவாக்கிய மாநிலங்களில் 2014 முதல் 2017 வரை சுமார் 19,200 உயிர்கள் பிழைத்தன. மறுத்த மாநிலங்களில் அதே காலத்தில் சுமார் 15,600 பேர் தேவையில்லாமல் இறந்தார்கள்.

அந்த 15,600 பேரை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறவில்லை. விரிவாக்கச் செலவில் பெரும்பங்கை மத்திய அரசே கொடுத்தது. முதல் மூன்று ஆண்டுகளுக்கு முழுவதையும் கொடுத்தது.

செந்தில், மதுரை: அவசர சிகிச்சைப் பிரிவில் யாரையும் திருப்பி அனுப்பக் கூடாது என்று அமெரிக்காவில் சட்டம் இருக்கிறதே சார். பிறகு காப்பீடு இல்லாதவர் எப்படிச் சாவார்?

செந்தில், நான் சார் இல்லை, அக்கா என்றே கூப்பிடுங்கள்.

சட்டம் இருக்கிறது, 1986-இல் வந்தது. அவசரமாக வருபவரைப் பரிசோதித்து, உடனடி ஆபத்திலிருந்து மீட்க வேண்டும் என்பதோடு அது முடிந்துவிடும். அதற்குப் பிறகு வரும் மாத்திரை, கீமோ, மறுபரிசோதனை எதற்கும் அந்தச் சட்டம் பொறுப்பில்லை.

சிறுநீரகம் செயலிழந்தவர்களைப் பாருங்கள். வாரத்துக்கு மூன்று முறை டயாலிசிஸ் செய்தால் அவர்கள் வேலைக்குப் போகலாம், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளலாம். குடியேற்ற ஆவணம் இல்லாதவர்களுக்கு அமெரிக்காவின் பல ஊர்களில் அந்த ஏற்பாடு கிடையாது. உடம்பு வீங்கி, மூச்சு முட்டி, ரத்தத்தில் பொட்டாசியம் ஆபத்தான அளவுக்கு ஏறும் வரை வீட்டில் காத்திருக்க வேண்டும். பிறகு அவசரப் பிரிவுக்குப் போக வேண்டும். நிலைமை போதிய அளவு மோசமாக இல்லை என்றால் திரும்பிப் போய், இன்னும் மோசமான பிறகு வர வேண்டும். ஒரு முறை ரத்தத்தைச் சுத்தம் செய்து அனுப்புவார்கள். சில நாளில் மறுபடியும் அதே மூச்சுமுட்டல்.

டென்வரிலும் ஹூஸ்டனிலும் இப்படி நடந்தது. சான்ஃபிரான்சிஸ்கோவில் அதே மாதிரி ஆவணம் இல்லாதவர்களுக்கு முறையான டயாலிசிஸ் கிடைத்தது. மூன்று ஊர் நோயாளிகளையும் ஒப்பிட்ட 2018 ஆய்வில், அவசரத்துக்கு மட்டும் டயாலிசிஸ் பெற்றவர்களின் இறப்பு அபாயம் ஐந்தாவது ஆண்டில் 14 மடங்கு. ஒரே நோய், ஒரே இயந்திரம், ஒரே மாதிரி மனிதர்கள். கொலராடோ மாநிலம் 2019-இல் விதியை மாற்றி முறையான டயாலிசிஸுக்குப் பணம் கொடுக்கத் தொடங்கியது.

இவ்வளவு கொடுமை செய்து பணமாவது மிச்சமாகிறதா என்றால் அதுவும் இல்லை. அவசரப் பிரிவு வழியாகச் செய்வதுதான் அதிகச் செலவு.

யாழினி, லண்டன்: எங்களுக்கு இங்கே எல்லோருக்கும் இலவச மருத்துவம். ஆனாலும் ஏழைப் பகுதிகளில் சீக்கிரம் இறக்கிறார்களே அக்கா?

யாழினி, காப்பீட்டின் எல்லை எது என்பதை உங்கள் ஊரில்தான் கண்டுபிடித்தார்கள். 1967-இல் லண்டன் அரசு ஊழியர்களான ஆண்களிடம் வைட்ஹால் ஆய்வு தொடங்கியது. எல்லோருக்கும் நிரந்தர வேலை, எல்லோருக்கும் 1948 முதல் இலவச மருத்துவம். அப்படியும் கடைநிலை ஊழியர்களின் இறப்பு விகிதம் உயர் அதிகாரிகளைப்போல மூன்று மடங்கு. புகைபிடித்தல், ரத்த அழுத்தம், கொழுப்பு எல்லாவற்றையும் கணக்கில் எடுத்தும் அந்த வித்தியாசத்தில் பாதியைக்கூட விளக்க முடியவில்லை.

அதைவிட என்னை யோசிக்க வைத்தது நடுவில் இருப்பவர்கள். உச்சத்துக்கு அடுத்த படியில் நல்ல சம்பளம் வாங்குபவர்கூட உச்சியில் இருப்பவரைவிடச் சீக்கிரம் இறந்தார். வேலையில் தன் சொல்லுக்கு எவ்வளவு இடம் இருக்கிறது, நாள் முழுக்க யாருடைய உத்தரவுக்குக் காத்திருக்கிறோம் என்பதெல்லாம் இதயத்தைப் பாதிக்கிறது என்று அந்த ஆய்வின் தரவுகளை ஆராய்ந்த மைக்கேல் மார்மட் வாதிட்டார். நான் அவர் பக்கம். குளிரும் ஈரமும் உள்ள வீடு, சிறு வயதுச் சாப்பாடு, வேலை போய்விடுமோ என்ற பயம் எல்லாம் ஆஸ்பத்திரி வாசலுக்கு வருவதற்கு முன்பே உடம்பில் ஏறிவிடுகின்றன.

அருண், பெங்களூரு: ஏழ்மைதான் கொல்கிறதா, ஏற்றத்தாழ்வே கொல்கிறதா? இரண்டும் ஒன்றுதானே?

ஒன்று இல்லை, அருண். பணம் குறைவாக இருப்பவர் சீக்கிரம் இறக்கிறார் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. பக்கத்து வீட்டுக்காரர் கோடீஸ்வரராக இருப்பதாலேயே என் ஆயுள் குறையுமா என்பது வேறு விஷயம். குறையும் என்று பிரிட்டிஷ் ஆய்வாளர் ரிச்சர்ட் வில்கின்சன் 1992 முதல் சொல்லி வருகிறார். பொருளாதார அறிஞர்களான ஆங்கஸ் டீட்டனும் டேரன் லுபோட்ஸ்கியும் 2003-இல் அமெரிக்க நகரங்களை எடுத்துப் பார்த்தார்கள். ஒவ்வொரு நகரிலும் கறுப்பின மக்கள் எத்தனை சதவீதம் என்பதைக் கணக்கில் சேர்த்ததும், ஏற்றத்தாழ்வுக்கும் இறப்புக்கும் இருந்த தொடர்பு காணாமல் போனது.

எனக்கு டீட்டன் சொல்வதுதான் வலுவாகப் படுகிறது. ஆனால் அதை வைத்து ஏற்றத்தாழ்வு பரவாயில்லை என்று சொல்பவர்களோடு நான் ஒத்துப்போக மாட்டேன். டெக்சாஸில் மெடிகெய்ட் வேண்டாம் என்று முடிவு செய்தவர்களில் மெடிகெய்ட் தேவைப்பட்டவர் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? பணம் ஒரு பக்கம் குவியும்போது முடிவெடுக்கும் இடமும் அந்தப் பக்கமே போகிறது.

கவிதா, நியூ ஜெர்சி: கம்பெனி இன்சூரன்ஸ் இருக்கிறது, ஆனால் டிடக்டபிள், அதாவது காப்பீடு பணம் தரும் முன் நானே கட்ட வேண்டியது, 5,000 டாலர். இது காப்பீடா இல்லையா?

பெரிய விபத்துக்குக் காப்பீடு. மாதாந்திர மாத்திரைக்குப் பாதிதான். 1970-களில் ராண்ட் என்ற அமெரிக்க ஆய்வு நிறுவனம் நடத்திய சோதனையில், சொந்தக் காசு கொடுக்க வேண்டியிருந்தவர்கள் தேவையற்ற சிகிச்சையை மட்டும் குறைக்கவில்லை, தேவையானதையும் சேர்த்தே குறைத்தார்கள். ரத்த அழுத்தம் இருந்த ஏழைகளுக்கு இலவச சிகிச்சை தெளிவான பலன் தந்தது. உங்கள் திட்டத்தில் வருடாந்திரப் பரிசோதனையும் தடுப்பூசியும் பெரும்பாலும் டிடக்டபிளுக்கு வெளியே, இலவசமாகவே இருக்கும். அதைத் தவற விடாதீர்கள்.

முருகேசன், திருநெல்வேலி: நம்ம ஊரில் முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டம் இருக்கிறதே, அதுவும் இதே போல உயிரைக் காக்குமா?

ஆபரேஷன் வேண்டியவரை நிச்சயமாகக் கைதூக்கிவிடும், அண்ணாச்சி. ஆனால் நம் நாட்டுத் திட்டங்கள் பெரும்பாலும் படுக்கையில் சேர்ந்தால்தான் பணம் தரும். அதிகம் பேரைக் கொல்லும் பிரஷருக்கும் சர்க்கரைக்கும் வேண்டியது தினம் ஒரு மாத்திரை. கர்நாடகத்தில் குலுக்கல் முறையில் ஆஸ்பத்திரிக் காப்பீடு கொடுத்து நடந்த பெரிய சோதனையில், மருத்துவமனைக்குப் போவது கூடியது, உடல்நலத்தில் உறுதியான மாற்றம் தெரியவில்லை. தமிழ்நாட்டில் அரசு மருத்துவமனைகளும், 1994-இல் தொடங்கிய மருந்துக் கொள்முதல் கழகமும், 2021 முதல் வீட்டுக்கே மாத்திரை கொண்டுவரும் மக்களைத் தேடி மருத்துவமும்தான் அந்த இடத்தை நிரப்புகின்றன. காப்பீட்டு அட்டையைக் காட்டி இவற்றுக்கான பணத்தைக் குறைத்தால் நான் கடுமையாக எதிர்ப்பேன்.

ஷாந்தி, டாலஸ்: என் மாமியாருக்கு 63 வயது, கிரீன் கார்டு வந்து ஆறு வருடம். 65-இல் முதியோருக்கான அரசுக் காப்பீடான மெடிகேர் வருமே, அதுவரை சும்மா இருக்கலாம் என்கிறார் என் கணவர்.

வேண்டாம் ஷாந்தி. பொருளாதார அறிஞர் டேவிட் கார்டும் இன்னும் இருவரும் சேர்ந்து செய்த ஆய்வில், ஆபத்தான நிலையில் அவசரப் பிரிவு வழியாக அனுமதிக்கப்பட்டவர்களைப் பார்த்தார்கள். 65 வயதைத் தாண்டியவுடனேயே ஒரு வாரத்துக்குள் இறப்பவர் அளவு ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு குறைந்தது. 64-க்கும் 65-க்கும் இடையே உடம்பு மாறிவிடுவதில்லை, மாறுவது மெடிகேர் மட்டுமே. கிரீன் கார்டு உள்ளவர் அரசு நடத்தும் காப்பீட்டுச் சந்தையான மார்க்கெட்பிளேசில் காப்பீடு வாங்கலாம். பொதுப் பதிவு நவம்பர் 1-இல் தொடங்கும். வருமானத்தைச் சரியாகக் காட்டினால் மானியம் கிடைக்க வாய்ப்பு உண்டு. மெடிகேருக்கு அவர் ஐந்து வருடம் தொடர்ந்து அங்கே வசித்திருக்க வேண்டும், அது முடிந்துவிட்டது. அங்கே வேலை செய்து வரி கட்டியதில்லை என்றால் ஆஸ்பத்திரிப் பகுதிக்கும் மாதத் தொகை கட்ட வேண்டி வரலாம், அதையும் இப்போதே விசாரித்து வையுங்கள். அதுவரை அவர் பிரஷர் மாத்திரை எதையும் பாதியாக உடைத்துச் சாப்பிடுகிறாரா என்று இன்று ராத்திரியே கேட்டுப் பாருங்கள்.