காலா பத்தரில் பத்து நிமிடம்: வாசகர் கேள்வி பதில்

போன மாதம் நேபாளப் பயணம் பற்றி இந்தப் பகுதியில் எழுதிய பிறகு வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஹெலிகாப்டர் பற்றித்தான். அதனால் இந்த முறை மற்ற கேள்விகளைத் தள்ளிவைத்துவிட்டு இதற்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

என் கணவருக்கு அறுபது முடிகிறது. பிள்ளைகள் சேர்ந்து எங்களைக் காத்மாண்டுவிலிருந்து எவரெஸ்ட் பேஸ் கேம்ப் ஹெலிகாப்டர் பயணத்துக்கு அனுப்பப் பார்க்கிறார்கள். நிஜமாகவே அடிவாரத்தில் இறக்கிவிடுவார்களா? எவ்வளவு நேரம் இருக்கலாம்? (வாசகி, மதுரை)

முதலில் உங்கள் வீட்டுக்காரருக்கு வாழ்த்துகள். விளம்பரத்தில் பேஸ் கேம்ப் என்று போட்டிருந்தாலும் இறக்கிவிடுவது பெரும்பாலும் அதற்குப் பக்கத்தில் இருக்கும் காலா பத்தர் என்ற மேட்டில். இதற்காக வருத்தப்பட வேண்டாம், உங்களுக்கு நல்லதுதான். பேஸ் கேம்ப் 5,364 மீட்டர் உயரத்தில் பனியாற்றின் மேல் ஒரு பள்ளத்தில் கிடக்கிறது, அங்கே நின்றால் எவரெஸ்ட் உச்சி தெரியாது, முன்னால் இருக்கும் மலைத்தோள் மறைத்துவிடும். காலா பத்தர் 5,500 மீட்டரைத் தாண்டியது, அங்கிருந்து உச்சி நேருக்கு நேராகத் தெரியும்.

காலை ஆறு, ஆறரைக்குக் காத்மாண்டுவில் கிளம்புவார்கள் (நேபாள நேரம் நம்முடையதைவிடக் கால் மணி நேரம் முன்னால், கடிகாரத்தை மாற்றிக்கொள்ளுங்கள்). முக்கால் மணி நேரத்தில் லுக்லா என்ற மலையூர், அங்கே எரிபொருள். அப்புறம் நாம்சே, தெங்போச்சே மடம் எல்லாம் காலுக்குக் கீழே போக, மேலே ஏறுவார்கள். திரும்பும்போது சியாங்போச்சேக்கு மேலே 3,880 மீட்டரில் இருக்கும் ஓட்டல் எவரெஸ்ட் வியூவில் காலைச் சாப்பாடு. பதினொரு மணிக்குள் பெரும்பாலும் காத்மாண்டு வந்துவிடலாம். மேலே காலா பத்தரில் தரையில் நிற்கும் நேரம் ஐந்திலிருந்து பத்து நிமிடம், அவ்வளவுதான். என்ஜினை நிறுத்தவும் மாட்டார்கள், அந்தக் குளிரிலும் காற்றிலும் மறுபடி கிளம்பாமல் போனால் எல்லோரும் மாட்டிக்கொள்வோம். உங்கள் பத்து நிமிடமும் விசிறி சுற்றும் இரைச்சலில்தான் போகும்.

இதைத் தெரிந்துகொண்டு போனால் அந்தப் பத்து நிமிடம் போதும். நான் போனபோது இறங்கியதும் எல்லோரும் கேமராவைத் திருப்பியது நுப்ட்சே பக்கம். அது 7,861 மீட்டர்தான், ஆனால் முன்னால் இருப்பதால் அதுதான் பெரிதாகத் தெரியும், முழுக்க வெள்ளை. எவரெஸ்ட் அதற்கு இடது பக்கம், பின்னால் தள்ளி, கறுப்பாக ஒரு முக்கோணம். 8,848.86 மீட்டர் என்று 2020இல் நேபாளமும் சீனாவும் சேர்ந்து அறிவித்த மலை அதுதான். உச்சியில் அடிக்கும் காற்று பனியை நிற்கவிடாமல் வாரிக்கொண்டு போவதால் பாறை கறுப்பாகத் தெரிகிறது, பல நாள் ஒரு வெள்ளைப் புகை உச்சியிலிருந்து பக்கவாட்டில் நீளும். இடது பக்கம், பின்னால், கறுப்பு: இந்த மூன்றையும் மனதில் வைத்துக்கொண்டு இறங்குங்கள், தேடுவதில் நேரம் போகாது.

உடம்பைப் பற்றி ஒன்று. நடந்து போகிறவர்கள் லுக்லாவிலிருந்து இந்த இடத்துக்கு எட்டு நாள்போல எடுத்துக்கொள்வது உடம்பு பழக வேண்டும் என்பதற்காக. நீங்கள் ஒரே காலையில் போகிறீர்கள். மேலே ஒரு மூச்சுக்குக் கிடைக்கும் ஆக்சிஜன் கடற்கரையில் கிடைப்பதில் பாதிதான். என் பக்கத்தில் நின்ற அம்மா ஏதோ சொல்ல ஆரம்பித்துப் பாதி வாக்கியத்தில் நிறுத்தி மூச்சு வாங்கிக்கொண்டு மீதியைச் சொன்னார். எனக்கு ஜாக்கெட் பொத்தானைப் போட விரல் சொன்னபடி கேட்கவில்லை. பத்து நிமிடத்தில் இதற்கு மேல் பெரிதாக ஒன்றும் ஆகாது, ஆனால் ஓடாதீர்கள், படத்துக்காகக் குதிக்காதீர்கள், தலை சுற்றினால் கூச்சப்படாமல் உட்கார்ந்துவிடுங்கள். கணவருக்கு இதய நோய், நுரையீரல் கோளாறு, கடுமையான ரத்தசோகை எது இருந்தாலும் பணம் கட்டுவதற்கு முன்பே டாக்டரிடம் உயரத்தை எண்ணாகச் சொல்லிக் கேளுங்கள். சும்மா "மலைக்குப் போகிறோம்" என்றால் அவர் ஊட்டியை நினைத்துக்கொண்டு சரி என்பார். விழித்திரை அறுவை செய்து கண்ணுக்குள் வாயு வைத்திருந்தால், அது கரையும்வரை பறக்கவே கூடாது, உயரத்தில் அந்த வாயு விரிந்து பார்வையே போய்விடலாம்.

என் எடை 94 கிலோ. கூடுதல் பணம் கேட்கிறார்கள். அதோடு நடுவழியில் சிலரை இறக்கிவிட்டு இரண்டு நடையாகக் கூட்டிப்போவார்களாம். ஏமாற்றுகிறார்களா? (வாசகர், கோவை)

இல்லை. அங்கே பறப்பது பெரும்பாலும் ஏர்பஸ் எச்125 என்ற ஒற்றை என்ஜின் ஹெலிகாப்டர், பைலட்டைத் தவிர ஐந்து பேர் உட்காரலாம். ஹெலிகாப்டர் காற்றைக் கீழே தள்ளித்தான் மேலே நிற்கிறது. உயரம் போகப் போகக் காற்று மெலிந்துவிடும், விசிறிக்குத் தள்ளுவதற்கு எதுவும் சரியாகக் கிடைக்காது, அதே மெலிந்த காற்றைக் குடித்து ஓடும் என்ஜினுக்கும் பலம் குறையும். காத்மாண்டுவில் ஐந்து பேரை அலட்டாமல் தூக்கிய அதே வண்டி காலா பத்தரில் இரண்டு மூன்று பேரோடுதான் இறங்கி ஏற முடியும். அதற்காகத்தான் வழியில் இருக்கும் பெரிச்சே என்ற ஊரிலோ பக்கத்திலோ பாதிப் பேரை இறக்கிவிட்டு இரண்டு நடை அடிக்கிறார்கள். பெரிச்சேயும் 4,200 மீட்டருக்கு மேல், அங்கே காத்திருக்கும்போது குளிருக்குத் தயாராக இருங்கள்.

இந்த வகை இயந்திரத்தின் திறமையில் சந்தேகம் வேண்டாம். 2005 மே 14 அன்று டிடியே டெல்சால் என்ற பிரெஞ்சு பைலட் இதே குடும்பத்து ஏஎஸ்350 பி3 ஹெலிகாப்டரை எவரெஸ்ட் உச்சியிலேயே இறக்கி மூன்று நிமிடம் ஐம்பது நொடி நின்றார். ஆனால் அவர் தனியாள், தேவையில்லாத எடையையெல்லாம் கழற்றிவிட்டுப் போனார். கிளம்பும் இடத்தில் உங்களைப் பையோடு தராசில் நிறுத்துவார்கள். உண்மையான எடையை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், குறைத்துச் சொன்னால் ஆபத்து உங்களோடு வரும் எல்லோருக்கும்தான்.

ஹெலிகாப்டர் விழுந்த செய்தியை அடிக்கடி படிக்கிறோமே, பயமாக இருக்கிறது. நம்பிப் போகலாமா? (வாசகர், திருநெல்வேலி)

பயம் நியாயமானது. 2023 ஜூலை 11 அன்று லுக்லா பக்கமிருந்து காத்மாண்டு திரும்பிய ஒரு ஹெலிகாப்டர் விழுந்து பைலட்டும் ஐந்து மெக்சிகோ பயணிகளும் இறந்துபோனார்கள். மழைக்காலம், மேகம். அதற்குப் பிறகு அந்த மழைக்காலம் முடியும்வரை சுற்றிக்காட்டும் பறப்புகளை நேபாள விமானத் துறை நிறுத்திவைத்தது. என் கருத்தைக் கேட்டால் ஜூன் முதல் செப்டம்பர் வரை இந்தப் பயணத்தை யார் எவ்வளவு தள்ளுபடியில் கொடுத்தாலும் போகாதீர்கள். அக்டோபர், நவம்பர் மிக நல்லது. மார்ச்சிலிருந்து மே வரையும் போகலாம், கொஞ்சம் மூட்டமாக இருக்கும்.

நல்ல மாதத்திலும் காலை நேரம்தான் கணக்கு. வெயில் ஏற ஏறப் பள்ளத்தாக்குகளில் காற்று கிளம்பும், மேகம் மேலேறும். எட்டு மணிக்குக் கண்ணாடிபோல இருந்த இடம் பத்து மணிக்குக் காணாமல் போயிருக்கும். நான் முதல் நாள் ஐந்தே முக்காலுக்கு விமான நிலையத்தில் போய் உட்கார்ந்தேன். லுக்லாவில் மேகம், இன்னும் அரைமணி, இன்னும் அரைமணி என்று பதினொரு மணி ஆகிவிட்டது. எங்கள் கூட்டத்தில் ஒருவருக்கு மறுநாள் ஊருக்கு விமானம், அவர் பைலட்டிடம் போய் "மேகத்துக்கு மேலே போய்விடலாமே" என்று கெஞ்சினார். நாற்பது வயதிருக்கும் அந்த நேபாளி பைலட் கோபப்படவே இல்லை. "மேலே போகலாம் ஐயா, இறங்கும்போது மலை எங்கே இருக்கிறது என்று யார் சொல்வார்கள்?" என்று கேட்டுவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். அந்த மனிதர் மேல் எனக்கு அன்றைக்கு வந்த நம்பிக்கையில்தான் மறுநாள் ஏறினேன்.

ஆகவே இந்தப் பயணத்தை உங்கள் காத்மாண்டுத் தங்கலின் கடைசி நாளில் வைக்கவே வைக்காதீர்கள், பின்னால் இரண்டு நாளாவது காலியாக இருக்கட்டும். வானிலையால் ரத்தானால் முழுப் பணமும் திரும்பவருமா, பாதி வழியில் திரும்பினால் எவ்வளவு என்பதை எழுத்தில் வாங்குங்கள். எனக்குத் தெரிந்த ஒரு குடும்பம் வாய்வார்த்தையை நம்பி ஒரு ஏஜென்டிடம் முன்பணத்தைத் தொலைத்துவிட்டு வந்தது. பயணக் காப்பீட்டிலும் ஹெலிகாப்டரும் இந்த உயரமும் சேருமா என்று பாருங்கள், பல பாலிசிகளில் உயர வரம்பு உண்டு.

அம்மாவுக்கு 72 வயது. முக்திநாத் பார்க்க வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் ஆசை. ஹெலிகாப்டரில் கூட்டிப்போகலாமா? (வாசகி, ஸ்ரீரங்கம்)

தாராளமாக யோசிக்கலாம். முக்திநாத் நமக்குத் திருச்சாளக்கிராமம், திருமங்கையாழ்வார் பாடிய திவ்யதேசம். உயரம் 3,700 மீட்டருக்கு மேல், காலா பத்தரைவிட எவ்வளவோ தாழ்வு. போகராவிலிருந்து கிளம்பினால் ஒரு பக்கம் அன்னபூர்ணா, மறுபக்கம் தௌலாகிரி, இரண்டும் எட்டாயிரம் மீட்டருக்கு மேற்பட்ட மலைகள், நடுவில் கண்டகி ஆற்றுப் பள்ளத்தாக்கு வழியாகப் போவீர்கள். அந்தப் பள்ளத்தாக்கில் பகல் ஏறினால் காற்று பேய்போல அடிக்கும், இங்கேயும் விடியற்காலைதான் சரி.

இறங்குவது கோயில் வாசலில் இல்லை, அதற்கப்புறம் ஏற்றமும் படிகளும் உண்டு. அம்மாவைப் பத்துப் படிக்கு ஒரு தரம் நிற்கவையுங்கள். கோயிலுக்குப் பின்னால் 108 தாரைகளில் பனிநீர் கொட்டும், நம்மவர்கள் ஆசையில் 108க்கும் அடியில் ஓடிவிட்டுப் பிறகு முன்னாலிருக்கும் குளத்திலும் முங்குவார்கள். இந்த வயதில், அந்த உயரத்தில், அது வேண்டாம். தலையில் தெளித்துக்கொண்டால் போதும் என்று ஊரிலேயே பேசிச் சம்மதம் வாங்கிவிடுங்கள். அங்கே போய்ச் சொன்னால் அம்மாக்கள் கேட்பதில்லை. கிளம்புவதற்கு முன் போகராவில் ஒரு இரவாவது நன்றாகத் தூங்கட்டும்.

என்ன உடுத்திக்கொள்வது? (வாசகி, சேலம்)

பேன்ட்டும் கனமான ஜாக்கெட்டும். பறக்கக்கூடிய எதுவும் வேண்டாம்: முந்தானை, துப்பட்டா, தொப்பி, தளர்ந்த சால்வை. தலைக்கு மேல் விசிறி சுற்றிக்கொண்டே இருக்கும். ஏறி இறங்கும்போது பைலட் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி முன்பக்கமாக மட்டும் நடங்கள், வால் பக்கம் போகவே கூடாது, அங்கே சுற்றும் சின்ன விசிறி கண்ணுக்கே தெரியாது. சரிவில் நின்றால் மேட்டுப் பக்கம் நகராதீர்கள், அங்கே விசிறிக்கும் தலைக்கும் இடைவெளி குறைவு. கறுப்புக் கண்ணாடி கட்டாயம். உள்ளே கடுநிறச் சட்டை போட்டால் ஜன்னலில் பிம்பம் விழாமல் படம் தெளிவாக வரும். போனை உடம்போடு ஒட்டிய பையில் வையுங்கள், குளிரில் சார்ஜ் மளமளவென்று இறங்கும்.

ஆயிரம் டாலருக்கு மேல் கேட்கிறார்கள். எங்களால் முடியாது. வேறு வழி? (வாசகர், நாகர்கோவில்)

காத்மாண்டுவிலிருந்து காலையில் மலை காட்டும் விமானங்கள் கிளம்பும், சுமார் ஒரு மணி நேரம், ஒவ்வொருவருக்கும் ஜன்னல் சீட், செலவு ஹெலிகாப்டரில் சிறு பங்குதான். இறங்க முடியாது, ஆனால் எவரெஸ்டைக் கண்ணால் பார்த்துவிடலாம். மூச்சுப் பிரச்சினை உள்ளவர்களுக்கும் இதுவே நல்லது, உள்ளே காற்றழுத்தம் சரிசெய்த விமானங்கள்.

அங்கே வாழும் ஷெர்பா மக்கள் இந்த ஹெலிகாப்டர்களை எதிர்க்கிறார்கள் என்று படித்தேன். நாம் போவது சரியா? (கல்லூரி மாணவி, சென்னை)

இந்தக் கேள்வியை நீங்கள் ஒருவர்தான் கேட்டிருக்கிறீர்கள், நன்றி. ஆமாம், 2025 தொடக்கத்தில், எவரெஸ்ட் இருக்கும் கும்பு பகுதி இளைஞர்கள் இறங்குமிடங்களில் கொடி நட்டுப் பறப்புகளை மறித்தார்கள். அவர்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. நடந்து போகிறவர் வழியெல்லாம் விடுதியில் தங்குகிறார், சாப்பிடுகிறார், சுமைகாரருக்குக் கூலி கொடுக்கிறார், பறந்து வருகிறவர் ஒரு காலைச் சாப்பாட்டோடு போய்விடுகிறார், இரைச்சல் மட்டும் ஊருக்கு. அந்தப் பகுதி 1976இலிருந்து தேசியப் பூங்கா, 1979இலிருந்து உலகப் பாரம்பரிய இடம். ஆனால் அதே ஹெலிகாப்டர்தான் நோயாளியை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறது, அதை அவர்களும் வேண்டாம் என்று சொல்லவில்லை.

நடக்க முடியாத வயதானவர்கள் பறந்து பார்ப்பதை என்னால் தவறென்று சொல்ல முடியவில்லை. உங்களுக்கு இருபது வயதிருக்கும். நீங்கள் நடக்கலாம். எட்டு நாள் முடியாவிட்டால் லுக்லா வரை விமானத்தில் போய், அங்கிருந்து மூன்று நான்கு மணி நேரம் இறக்கமாக நடந்தால் பாக்டிங். லுக்லாவைவிடத் தாழ்வான இடம், மூச்சுக்குக் கஷ்டமில்லை. அங்கே ஒரு வீட்டு விடுதியில் இரவு தங்கி, உருளைக்கிழங்கு ரொட்டி சாப்பிட்டுவிட்டு மறுநாள் திரும்புங்கள். கீழே தூத்கோசி ஆறு நுரைத்துக்கொண்டு ஓடும். வழியில் மந்திரம் செதுக்கிய கற்சுவர்கள் வரும், அவற்றை எப்போதும் உங்கள் வலக்கைப் பக்கம் வைத்தே கடந்து போங்கள், நம் கோயிலில் பிரகாரம் சுற்றுவதுபோலவே.