ஒரு கையெழுத்துக்குப் பிறகு

அன்புள்ள ஐயா,

கிழக்கு ஜெர்மனியில் 1973-இல் வந்த, பவுல் – பவுலா காதல் கதையைச் சொல்லும் படத்தைப் பார்த்தேன். பவுலாவாக நடித்த அங்கேலிகா டோம்ரோசெ மனதை விட்டு நீங்கவில்லை. லாபக் கணக்குப் பார்க்கும் முதலாளி இல்லாத திரையுலகில் ஒரு நடிகைக்குச் சுதந்திரம் கூடுதலாகத்தானே இருந்திருக்கும்? பிறகு ஏன் அவர் நாட்டை விட்டே போனார்?

— ஒரு வாசகர், கோவில்பட்டி

அன்புள்ள நண்பருக்கு,

முதலாளி இல்லை என்பது சரி. ஆனால் முதலாளிகள் பலர் இருந்தால், ஒருவர் கதவைச் சாத்தினாலும் இன்னொருவரிடம் போய்க் கேட்கலாம். அங்கே படம் எடுக்க இருந்தது டெஃபா என்ற அரசு நிறுவனம் மட்டும்தான்.

அந்த அமைப்பு அவருக்குக் கொடுத்ததைக் குறைத்துச் சொல்லக் கூடாது. டோம்ரோசெ சுருக்கெழுத்துத் தட்டச்சராக இருந்தவர். இயக்குநர் ஸ்லாதான் டூடோவ் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பெண்களிலிருந்து அவரைத் தேர்ந்தெடுத்தார். பிறகு பாபெல்ஸ்பெர்க் திரைப்படப் பள்ளி, நாடகாசிரியர் பிரெக்ட் தொடங்கிய பெர்லினர் ஆன்சாம்பிள் நாடகக் குழு என்று முறையாகக் கற்றார்.

அந்தப் பயிற்சியின் பலன்தான் பவுலா. கடையில் வேலை, இரண்டு குழந்தைகள், தெருவில் கொட்டிக் கிடக்கும் நிலக்கரியைத் தானே அள்ளிப்போட வேண்டிய வாழ்க்கை. உழைக்கும் பெண்தான், ஆனால் அரசுச் சுவரொட்டியில் சிரிக்கும் பெண் அல்ல. தனக்கு வேண்டிய சந்தோஷத்தைக் கூச்சமில்லாமல் கேட்கிறாள். அதிகாரிகளுக்கு அது உறுத்தியது. படத்தை வெளியிடலாம் என்று நாட்டை ஆண்ட கட்சியின் தலைவர் ஹோனெக்கரே சொல்ல வேண்டியிருந்தது. வந்ததும் சுமார் 30 லட்சம் பேர் பார்த்தார்கள்; நாட்டின் மக்கள்தொகையே 1.7 கோடிதான்.

1976 நவம்பரில், ஆட்சியை விமர்சித்து வந்த கிழக்கு ஜெர்மனிப் பாடகர் வோல்ஃப் பியர்மான் மேற்கு ஜெர்மனிக்குக் கச்சேரி செய்யப் போனபோது அவர் குடியுரிமையைப் பறித்தார்கள். முடிவை மறுபரிசீலனை செய்யுங்கள் என்று எழுத்தாளர்கள் அரசுக்கு எழுதிய கடிதத்தில் டோம்ரோசெயும் அவர் கணவர் ஹில்மர் டாட்டேயும் கையெழுத்திட்டார்கள். ஆட்சியைக் கவிழ்க்கச் சொன்ன கடிதமில்லை அது. ஆனாலும் வாய்ப்புகள் சுருங்கின. ஒரே நிறுவனம் இருக்கும் இடத்தில் தடை உத்தரவு எதற்கு? கூப்பிடாமல் இருந்தாலே போதும். 1980-இல் இருவரும் மேற்குக்குப் போய்விட்டார்கள். அப்போது டோம்ரோசெக்கு ஏறக்குறைய 39 வயது. நடிப்பு கனிந்து வருகிற வயது. எனக்கு ஆறவே இல்லை.

மேற்கில் நாடக மேடை அவரை நன்றாகவே ஏற்றுக்கொண்டது. 1990களில், கிழக்கு ஜெர்மன் தொலைக்காட்சி 1971-இல் தொடங்கிய 'போலிட்சைருஃப் 110' தொடரிலேயே காவல் அதிகாரியாக வந்தார். ஆனால் பவுலா அளவுக்கு இன்னொரு சினிமா வேடம் அமையவில்லை.