போசியும் தட்டும்: ஒரு கடிதம்

அன்புள்ள அக்காவுக்கு,

கோவை சரவணம்பட்டியிலிருந்து எழுதுகிறேன். என் மகள் ஒன்பதாவது படிக்கிறாள். பரீட்சை லீவில் 'மீன் கேர்ள்ஸ்' என்ற ஆங்கிலப் படத்தை இரண்டு தடவை பார்த்தாள். இரண்டாவது தடவை நானும் கூட உட்கார்ந்தேன். ஒரு ஹைஸ்கூலில் மூன்று பெண்கள், அவர்கள் வைத்ததுதான் சட்டம். புதன்கிழமை பிங்க் நிறம்தான் உடுத்த வேண்டும் என்பதுவரை விதி. ஆப்பிரிக்காவில் வளர்ந்த ஒரு புதுப் பெண் அவர்களைக் கவிழ்ப்பதற்காக உள்ளே போய், கடைசியில் தானும் அவர்களைப் போலவே ஆகிவிடுகிறாள். சிரிப்புப் படம்தான். ஆனால் முடிந்ததும் மகள், "எங்க கிளாஸும் இதேதாம்மா" என்றாள். மதியம் சாப்பிடும்போது ஒரு செட் அவளைச் சேர்த்துக்கொள்வதில்லையாம். வாட்ஸாப் குரூப்பிலிருந்தும் எடுத்துவிட்டார்களாம்.

நம் பிள்ளைகளுக்கு இந்தக் குணம் இப்படிப்பட்ட படங்களைப் பார்த்து வந்ததா? தமிழில் ஏன் இப்படி ஒரு படம் வருவதில்லை? அவளை வேறு பள்ளியில் சேர்த்துவிடலாமா? மரியாதைக்குப் பேர்போன நம் கொங்கு மண்ணில்கூட இப்படி நடக்கிறதே, அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

(பெயர் வேண்டாம்)

அன்புள்ள அம்மிணிக்கு,

அக்கா என்று உரிமையோடு எழுதிவிட்டீர்கள், நானும் அம்மிணி என்றே கூப்பிடுகிறேன். பிள்ளை வளர்ப்பு பற்றி வரும் கடிதங்களுக்கு நான் பதில் போடுவதில்லை. அதற்கான யோக்கியதை எனக்குக் கிடையாது, என் மகனைக் கேட்டால் சொல்வான். உங்கள் கடிதத்தையும் அப்படியே மூடி வைத்திருப்பேன், அந்தக் கடைசி வரி விடவில்லை. மரியாதைக்குப் பேர்போன கொங்கு மண். இந்த மரியாதை விஷயத்தில் எனக்கு நாற்பது வருடத்துப் பாக்கி ஒன்று இருக்கிறது. கொஞ்ச நாளாகவே அது மனதில் ஓடிக்கொண்டிருந்தது, நீங்கள் வந்து கதவைத் தட்டிவிட்டீர்கள்.

கேள்விகளைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். படத்தைப் பார்த்து வந்ததா? இல்லை. நான் பத்தாவது படித்தபோது எங்கள் ஊரில் ஒரு டிவி பெட்டிகூடக் கிடையாது, நாங்கள் யாரையும் பார்த்துக் கற்றுக்கொள்ளவில்லை. தமிழில் ஏன் வருவதில்லை என்பதைச் சினிமாக்காரர்களிடம் கேளுங்கள். நம் படத்தில் பள்ளிக்கூடம் வந்தால் ஒன்று முதல் காதல், இல்லாவிட்டால் முரட்டுப் பிள்ளைகளைத் திருத்த வருகிற வாத்தியார். மதியச் சோற்று நேரத்தில் யார் யாரோடு உட்காருகிறார்கள் என்று காட்ட யாருக்கும் பொறுமை இல்லை. வேறு பள்ளியில் சேர்க்கலாமா? வேறு பள்ளியிலும் மதியம் மணி அடிப்பார்கள் அம்மிணி. அங்கேயும் பிள்ளைகள் டிபன் பாக்ஸைத் திறந்துதான் ஆக வேண்டும்.

அந்தப் படத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அது 2004-ல் வந்தது, திரைக்கதை டினா ஃபே. ஆனால் அதற்கு மூலம் கதைப் புத்தகமே இல்லை. ரோசலிண்ட் வைஸ்மன் என்ற அம்மா 2002-ல் எழுதிய, பெண் பிள்ளைகளைப் பெற்றவர்களுக்கான வழிகாட்டி நூல். ஆக, அந்தச் சிரிப்புப் படத்தின் வேர் உங்கள் மகளுக்கு எழுதியதில் இல்லை, உங்களுக்கு எழுதியதில் இருக்கிறது. பிள்ளைகளின் செட்டுக்குள் யார் யாருக்கு என்ன வேலை என்று அதில் பிரித்துச் சொல்கிறார். ராணி, ராணியின் எடுபிடி, அப்புறம் 'பேங்கர்' என்று ஒருத்தி. மற்றவர்கள் ரகசியத்தை வாங்கி வைத்துக்கொண்டு, வேண்டிய நேரத்தில் வேண்டிய இடத்தில் எடுத்து விடுகிறவள். இந்த வார்த்தையை முதலில் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. ஃபைனான்ஸும் ஏலச்சீட்டுமாகவே வளர்ந்த நமக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. சிரிப்பு அடங்கியதும் கொஞ்ச நேரம் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன்.

படம் பார்க்கும்போது உங்கள் கண் ரெஜினா என்ற அந்த ராணிமேல் இருந்திருக்கும். எல்லார் கண்ணும் அவள்மேல்தான். நான் பார்த்துக்கொண்டிருந்தது கிரெட்சனை, அந்த இரண்டாவது பெண்ணை. ஒரு கட்டத்தில் ராணியே விதியை மீறின உடுப்போடு சாப்பிட வருவாள். இங்கே உட்காரக் கூடாது என்று அவள் முகத்துக்கு நேரே கத்துவது யார்? கிரெட்சன்தான். அந்த மேசையில் எந்நேரமும் தன் இடம் போய்விடுமோ என்று நடுங்கிக்கொண்டிருந்தவளும் அவள்தான்.

இப்போது உங்களைக் கொஞ்சம் திட்டப் போகிறேன்.

இந்த மாதிரிக் கடிதங்கள் எனக்கு வருடம் முழுவதும் வருகின்றன. ஈரோட்டிலிருந்து, உடுமலையிலிருந்து, நாமக்கல்லில் ஹாஸ்டலில் பிள்ளையை விட்டவர்களிடமிருந்து. எல்லாக் கடிதத்திலும் பிள்ளையை யாரோ ஒதுக்குகிறார்கள். என் பிள்ளை இன்னொரு பிள்ளையை ஒதுக்குகிறது, என்ன செய்வது என்று கேட்டு ஒரே ஒரு கடிதம் வந்ததில்லை. ஒரு வகுப்பில் நாற்பது பிள்ளைகள் இருந்தால் நாற்பதும் ஒதுக்கப்பட்டவைதானா? ஒதுக்குகிறவர்கள் மதியம் மட்டும் வெளியூரிலிருந்து பஸ் ஏறி வந்து போகிறார்களா? உங்கள் மகளை ஒரு குரூப்பிலிருந்து எடுத்துவிட்டார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். அவள் அட்மினாக இருக்கிற குரூப் எத்தனை, அதிலிருந்து அவள் யாரை எடுத்தாள் என்று கேட்டீர்களா? கேட்டிருக்க மாட்டீர்கள். கேட்கத் தோன்றாது. என் அம்மாவுக்கும் தோன்றவில்லை. நான் அந்த வருடம் யாரை என்ன செய்தேன் என்று அவளுக்குச் சாகும்வரை தெரியாது. என் மகள் நல்ல பிள்ளை, யாரையும் வாடி போடி என்றுகூடச் சொல்ல மாட்டாள் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

வாடி போடி சொல்லவில்லை என்பது உண்மைதான். அதைத்தான் சொல்ல வருகிறேன்.

சென்னிமலைக்கும் காங்கயத்துக்கும் நடுவில் ஒரு சின்ன ஊர். அரசு உயர்நிலைப் பள்ளி. பள்ளிக்குப் பின்னால் ஒரு புளியமரம், அக்கட்டால கிணற்று மேட்டில் ஒரு வேப்பமரம். படத்தில் புதுப் பெண்ணுக்குக் கேன்டீன் படம் வரைந்து, எந்த மேசையில் எந்தக் கூட்டம் என்று குறித்துக் கொடுப்பார்களே, எங்களுக்கு அந்தப் படம் வேண்டியதில்லை. புளியமரம் எங்களுடையது. நாங்கள் ஐந்து பேர். தலைவி அரிசி மில்லுக்காரர் மகள். அவள் தூக்குப்போசியைத் திறந்தால் அரிசிம்பருப்புச் சோற்றில் நெய் மிதக்கும். நான் இரண்டாவது. யார் வீட்டில் சண்டை, யாருக்கு யார் லெட்டர் கொடுத்தான், எல்லாம் என்னிடம் இருக்கும். தலைவி கேட்டால் எடுத்துக் கொடுப்பேன்.

ஐந்து பேரும் ஏன் ஒரு செட்டு என்று அப்போது கேட்டிருந்தால், பக்கத்துப் பக்கத்து ஊர் என்று சொல்லியிருப்போம். பக்கத்து ஊர்க்காரர்கள் வகுப்பில் இன்னும் இருபது பேர் இருந்தார்கள். நம் பக்கத்தில் 'கூட்டம்' என்ற சொல்லுக்கே குலம் என்று வேறு அர்த்தம் இருப்பது உங்களுக்குத் தெரியாதா? "நீங்க என்ன கூட்டமுங்க?" என்று பந்தியில் பக்கத்து இலைக்காரர் கேட்டால், எந்தக் கட்சிக் கூட்டத்துக்குப் போய் வந்தீர்கள் என்றா கேட்கிறார்? நாங்குநேரியில் பட்டியல் சாதி மாணவன் ஒருவனைக் கூடப் படித்தவர்களே வீடு புகுந்து வெட்டிய சம்பவத்துக்குப் பிறகு அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு, 2024 ஜூனில் கொடுத்த அறிக்கையில், மாணவர்கள் சாதி அடையாளமாகக் கையில் வண்ணக் கயிறு கட்டுவதைத் தடுக்கச் சொன்னது. அதெல்லாம் தெக்கத்தி விவகாரம் என்று என்னிடம் சொன்னவர்கள் நம் பக்கத்தில் நிறையப் பேர். நமக்குக் கயிறு தேவைப்படவில்லை, அவ்வளவுதான். ஐந்து பேரில் நான்கு பேர் ஒரே சாதி. ஐந்தாமவள் சென்னிமலைப் பக்கத்துத் தறிக்காரர் மகள். அவளை ஏன் சேர்த்துக்கொண்டோம் என்று யோசித்தால், அவள் அம்மா போடுகிற நார்த்தங்காய் ஊறுகாய்தான் ஞாபகத்துக்கு வருகிறது. அப்புறம் அவள் சிரிப்பு. சிரிக்க ஆரம்பித்தால் நிறுத்தத் தெரியாது, இருமல் வந்துதான் நிற்கும்.

1982-ல் எம்.ஜி.ஆர். சின்னப் பிள்ளைகளுக்குத் தொடங்கிய சத்துணவு, 1984 செப்டம்பரில் பத்து முதல் பதினைந்து வயது வரை விரிந்தது. நாங்கள் அப்போது பத்தாவது. அதுவரை எல்லாரும் போசி கொண்டுவந்தோம், இல்லாதவர்கள் ஒன்றும் கொண்டுவராமல் தண்ணீர் குடித்துவிட்டு வகுப்பிலேயே இருந்தார்கள். இப்போது பள்ளிக்கூடம் இரண்டாகப் பிரிந்தது: போசி கொண்டுவருகிறவர்கள், தட்டுக் கொண்டுவருகிறவர்கள். அந்தத் திட்டத்தைக் குறை சொல்கிறேன் என்று யாராவது கிளம்பி வராதீர்கள். அந்தத் தட்டில் எத்தனை பிள்ளைகள் பசியாறின என்று கண்ணால் பார்த்தவள் நான். பிரித்தது திட்டமல்ல, நாங்கள்.

அந்தச் சமயம் அவள் அப்பாவுக்குப் பாவு நூல் கிடைக்காமல் தறி நின்றிருந்தது. ஒருநாள் அவள் மஞ்சப்பையிலிருந்து எவர்சில்வர் தட்டை எடுத்துக்கொண்டு வரிசையில் போய் நின்றாள். வாங்கிக்கொண்டு, சாம்பார் சிந்தாமல் இரண்டு கையாலும் பிடித்தபடி, வழக்கம்போல எங்கள் மரத்தடிக்கே வந்தாள். சோறு சூடாக இருந்திருக்க வேண்டும், தட்டின் விளிம்பில் விரலை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டு நின்றாள். தலைவி ஒன்றும் சொல்லவில்லை. என்னைப் பார்த்தாள்.

நான் சொன்னேன்: "ஏனுங்க, அக்கட்டால வேப்பமரத்துக்கிட்ட நெழலு நல்லா இருக்குதுங்களே."

முந்தின நாள்வரை "ஏ புள்ள", "வாடி" என்றுதான் பேசிக்கொண்டிருந்தோம். அவள் விளையாட்டு என்று நினைத்தாள். "செரிங்க, அப்படீங்களா" என்று சிரித்துக்கொண்டே எங்கள் நடுவில் உட்கார்ந்தாள். அன்றைக்குச் சாப்பிட்டாள். மறுநாளிலிருந்து நான்கு பேரும் அப்படித்தான். "பேனாவக் குடுங்க." "தள்ளி உக்காருங்க." "நோட்டு எழுதீட்டீங்களா?" காய் விட்டால்கூடப் பழம் விட்டுச் சேர்ந்துகொள்ளலாம், இதற்கு என்ன செய்வாள்? டீச்சரிடம் போய், டீச்சர் இவுங்கெல்லாம் எனக்கு மரியாதை குடுக்கறாங்க என்று புகார் சொல்ல முடியுமா? மூன்றாவது நாள் அவளுக்குப் புரிந்துவிட்டது. தட்டை எடுத்துக்கொண்டு நேராக வேப்பமரத்துக்குப் போனாள்.

அந்த வாரத்தில் எங்கள் டீச்சர் ஒருநாள் வகுப்பில் சொன்னார்: "இந்தப் புள்ளைகளப் பாருங்க, கூடப் படிக்கறவளயே எவ்வளவு மரியாதையாப் பேசறாங்க. இதுதாஞ் சாமி நம்ம ஊரு." உங்கள் கடிதத்தின் கடைசி வரியைப் படித்தபோது எனக்கு அந்தக் குரல்தான் கேட்டது. பெற்ற பிள்ளையையே வாங்க கண்ணு, சாப்பிடுங்க என்று கூப்பிடுகிற ஊர் நம்முடையது, இல்லையென்று சொல்லவில்லை. அதே 'ங்க'வை வைத்து ஒரு பதினைந்து வயதுப் பிள்ளையைச் சத்தமில்லாமல் வெளியே அனுப்பவும் முடியும். படத்திலாவது கத்தினார்கள், ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைத்துத் திட்டினார்கள், மாட்டிக்கொண்டார்கள். எங்கள்மேல் யார் என்ன குற்றம் சொல்ல முடியும்?

நான் ஏன் சொன்னேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். அந்த மாதம்தான் எங்கள் வீட்டில் கடனுக்கு எருமைகளை ஓட்டிப் போனார்கள். என் போசியில் மேலே இரண்டு கரண்டி நெல்லுச்சோறு இருக்கும், அடியில் கம்பஞ்சோறு. அம்மா அப்படித்தான் போட்டு அனுப்பினாள், நான் போசியைச் சாய்க்காமல் மேலிருந்து நாசூக்காக உண்டுவிட்டு, எனக்குப் போதும் என்று மூடிவிடுவேன். மீதியை வீட்டுக்குப் போகிற வழியில் வாய்க்கால் மேட்டில் உட்கார்ந்து தின்பேன். ஊரார் ரகசியமெல்லாம் என்னிடம் இருந்தது, என் ரகசியம் ஒரே ஒருத்தியிடம் இருந்தது. அதற்கு முந்தின ஆனியில் வாய்க்கால் மேட்டில் என்னைப் பார்த்துவிட்டவள் அந்தத் தறிக்காரர் மகள். பக்கத்தில் உட்கார்ந்து கம்பஞ்சோற்றில் பாதியை அவள் தின்றாள், தன் ஊறுகாயைத் தொட்டுக்கொள்ளக் கொடுத்தாள். யாரிடமும் சொல்லவில்லை. வேப்பமரத்துக்குப் போன பிறகும் சொல்லவில்லை. வருடம் முடிகிறவரை, இன்றைக்குச் சொல்லிவிடுவாள், நாளைக்குச் சொல்லிவிடுவாள் என்று நான் பயந்ததுதான் மிச்சம். வேப்பமரத்தடியில் தட்டுக்காரப் பிள்ளைகள் பதினைந்து பேருக்கு மேல். அங்கிருந்து அவள் சிரித்து இருமுவது எங்களுக்குக் கேட்கும்.

மகளைப் பற்றி என்ன செய்வது என்று கேட்டிருந்தீர்கள். இன்று சாயங்காலம், உன்னை யார் சேர்த்துக்கொள்ளவில்லை என்று கேட்காதீர்கள். உங்கள் வகுப்பில் தனியாகச் சாப்பிடுவது யார், அவளோடு நீ என்ன பேசுவாய் என்று கேளுங்கள். பதில் சொல்லாமல் எழுந்து போனாலும் போகட்டும். எனக்கு இதற்கு மேல் தெரியாது.

நாலு வருடம் முன்பு காங்கயத்தில் ஒரு கல்யாணம். பந்தியில் எனக்குப் பக்கத்து இலையில் வந்து உட்கார்ந்தாள். முகம் உப்பியிருந்தது, காதோரம் நரை. நான்தான் முதலில் அடையாளம் கண்டுகொண்டேன். அவள் என்னைப் பார்த்து, "ஏனுங்க, நல்லா இருக்கீங்களா?" என்றாள். நல்லா இருக்கேனுங்க என்றேன். மகன் திருப்பூரில் பனியன் கம்பெனியில் சூப்பர்வைசராம், பேத்தி பிறந்திருக்கிறதாம். என் இலையில் சோறு தீர்ந்ததை அவள்தான் பார்த்துப் பரிமாறுகிறவரைக் கூப்பிட்டாள். "இவுங்களுக்கு இன்னுங் கொஞ்சம் வைங்க." நம் ஊரில் யாரும் யாரிடமும் அப்படித்தானே பேசுவார்கள். ஐம்பது வயதுக்கு மேல் யார் வாடி போடி என்கிறார்கள்? இருந்தாலும் நான் பாயசம் வரும்வரை அந்த ஒரு வார்த்தைக்குக் காத்திருந்தேன்.

கை கழுவுகிற இடத்தில், "அப்ப நான் வரட்டுங்களா?" என்றாள்.

"போயிட்டு வாங்க" என்றேன்.