நண்பர் சொல்லும் 'தேசிய சாம்பியன்' எந்தச் சாம்பியன்?

கேள்வி: அட்லாண்டாவில் வேலை பார்க்கிறேன். டிசம்பரில் நடக்கும் 'செலிப்ரேஷன் போல்' (Celebration Bowl) என்ற அமெரிக்க ஃபுட்பால் ஆட்டத்துக்கு அலுவலக நண்பர் எனக்கும் டிக்கெட் எடுத்திருக்கிறார். தான் படித்த ஃபுளோரிடா ஏ அண்ட் எம் பல்கலைக்கழக அணிதான் 2023-இல் தேசிய சாம்பியன் என்கிறார். தேடிப் பார்த்தால் சவுத் டகோட்டா ஸ்டேட் பல்கலைக்கழகம் என்று வருகிறது. எது சரி? அங்கே எதைக் கவனிக்க வேண்டும்?

பதில்: இரண்டும் சரிதான். நண்பர் சொல்வது வேறு பட்டம்.

வெள்ளையர் கல்லூரிகள் கறுப்பின மாணவர்களைச் சேர்க்காத காலத்தில் அவர்களுக்கென்று எழுந்தவை எச்பிசியு கல்லூரிகள். அவற்றில் சிறந்த ஃபுட்பால் அணி எது என்று பிட்ஸ்பர்க் கூரியர் என்ற கறுப்பினப் பத்திரிகை 1920-லேயே அறிவிக்கத் தொடங்கியது. 2015 முதல் அதைக் களத்திலேயே தீர்க்கிறார்கள்: ஸ்வாக், மீயாக் என்ற இரண்டு எச்பிசியு லீக்குகளின் சாம்பியன்கள் அட்லாண்டாவில் மோதுகிறார்கள். அதுதான் நீங்கள் போகும் செலிப்ரேஷன் போல். சவுத் டகோட்டா ஸ்டேட் வென்றது அமெரிக்கக் கல்லூரி விளையாட்டு அமைப்பான என்சிஏஏ நடத்தும் 24 அணி நாக்-அவுட் போட்டி.

அந்த நாக்-அவுட்டுக்கு ஸ்வாக் சாம்பியன் போவதில்லை. திறமை போதாமல் அல்ல. நன்றி தெரிவிக்கும் நாள் வார இறுதியில் ஸ்வாக் அணிகளான கிராம்ப்ளிங்கும் சதர்னும் ஆடும் பேயூ கிளாசிக் ஆட்டம், டிசம்பர் தொடக்கத்தில் லீக்கின் இறுதி ஆட்டம் என்று அவர்கள் காலண்டர் நிறைந்திருக்கிறது. சொல்லப்போனால், அந்த நாக்-அவுட்டின் முதல் கோப்பையை 1978-இல் எடுத்ததே ஃபுளோரிடா ஏ அண்ட் எம்தான். ரூடி ஹப்பர்ட் பயிற்சியில், டெக்சஸின் விசிட்டா ஃபால்ஸில், மாசசூசெட்ஸ் பல்கலைக்கழக அணியை 35-28 என்று வென்றார்கள். அவர்கள் வீரர் மைக் சாலமன் அன்று பந்தோடு ஓடியது மட்டும் 207 கெஜம். வேறெந்த எச்பிசியு அணியும் இதுவரை அந்தக் கோப்பையைத் தொடவில்லை. இதை நண்பரிடம் சொல்லிப் பாருங்கள், முகம் மலரும்.

2023-க்கு வருவோம். வில்லி சிமன்ஸ் பயிற்சியாளர். முதல் ஆட்டத்தில் ஜாக்சன் ஸ்டேட்டை 28-10 என்று சாய்த்தார்கள். அடுத்த வாரமே, அவர்களைவிட மேல் பிரிவில் ஆடும் சவுத் ஃபுளோரிடாவிடம் 38-24 என்று தோல்வி. அதன்பிறகு தோற்கவே இல்லை. டிசம்பர் 2 அன்று சொந்த ஊரான டலஹாசியில் பிரெய்ரி வியூவை 35-14 என்று வென்று ஸ்வாக் பட்டம். டிசம்பர் 16 அன்று அட்லாண்டாவில் மீயாக் லீக்கின் ஹோவர்டுக்கு எதிராக 14-0 என்று பின்தங்கி, பிறகு எழுந்து, 30-26. மொத்தம் 12 வெற்றி, 1 தோல்வி. முதலில் பின்தங்கியபோது பதறாததுதான் அந்த அணியிடம் எனக்கு மிகவும் பிடித்தது.

இனி நீங்கள் போகும் நாள். ஆட்டம் நடக்கும் மெர்சிடிஸ்-பென்ஸ் ஸ்டேடியத்துக்கு, உள்ளிருப்பது வெளியே தெரியும் பை மட்டும் கொண்டுபோங்கள். கடைகளில் கார்டுதான், ரொக்கம் வாங்க மாட்டார்கள். காரை விட்டுவிட்டு மார்ட்டா ரயிலில் வைன் சிட்டி ஸ்டேஷனில் இறங்கலாம். சாப்பாடு, கழிவறை எல்லாவற்றையும் இடைவேளைக்கு முன்பே முடித்துவிடுங்கள், ஏனென்றால் இடைவேளையில் பேண்டு வாத்தியக் குழுக்கள் களத்துக்கு வரும். அவர்களை வழிநடத்தும் டிரம் மேஜர், தொப்பி இறகு தரையைத் தொடுமளவுக்குப் பின்னால் வளைவார். மொத்தக் கூட்டமும் எழுந்து நிற்கும். ஆட்டம் முடிந்ததும் வாசலுக்கு ஓடாதீர்கள். எச்பிசியு ஆட்டங்களில் இரு குழுக்களும் எதிரெதிரே மாறி மாறி வாசிப்பதுண்டு. ஆட்டத்தின் நான்கு குவார்ட்டர்களும் (கால் பகுதிகள்) முடிந்தபின் வருவதால் அதற்கு ஐந்தாவது குவார்ட்டர் என்று பெயர்.