ஐம்பதாயிரம் அட்வான்ஸும் ஒரு சீன மொழிப் படிப்பும்

திருச்சியிலிருந்து ஒரு அம்மா போன வாரம் இரவு பதினோரு மணிக்கு நீளமாக வாட்ஸ்அப்பில் எழுதியிருந்தார். மகள் பிளஸ் டூ. "வெளியுறவுக் கொள்கை ஆராய்ச்சி பண்ணணும், அரசாங்கத்துக்கு ஆலோசனை சொல்ற இடத்துக்கு வரணும்" என்கிறாளாம். வீட்டில் யாருக்கும் அது என்ன வேலை என்றே புரியவில்லை. தாய்மாமா சென்னையில் ஒரு கல்லூரியில் கம்ப்யூட்டர் சயின்ஸ் மேனேஜ்மென்ட் சீட்டுக்கு ஐம்பதாயிரம் அட்வான்ஸ் கட்டிவிட்டே வந்துவிட்டார். "நீங்களாவது அவளுக்கு எடுத்துச் சொல்லுங்க சார்."

கவலைப்படாதீங்கம்மா என்று நாலு வார்த்தை எழுதி முடித்துக்கொள்ளலாம் என்றுதான் இருந்தேன். அந்த ஐம்பதாயிரம்தான் விடவில்லை. எடுத்துச் சொல்ல வேண்டியது மாமாவுக்கு.

அம்மா, இது என்ன வேலை என்று கேட்டீர்கள். உங்கள் ஊரில் பிறந்த ஒருவரையே சொல்கிறேன். கே. சுப்ரமணியம், 1929ல் திருச்சியில் பிறந்தவர். சென்னை மாநிலக் கல்லூரியில் வேதியியல் படித்து 1951ல் ஐ.ஏ.எஸ். ஆனார். டெல்லியில் இருக்கும் பாதுகாப்பு ஆய்வு நிறுவனத்துக்கு (ஐ.டி.எஸ்.ஏ. என்பார்கள்) இரண்டு தடவை இயக்குநர். தேசியப் பாதுகாப்பு ஆலோசனை வாரியத்தை முதலில் நடத்தியவர் அவர்தான், நம் அணு ஆயுதக் கொள்கையின் வரைவு 1999ல் வந்தது அந்த வாரியத்திலிருந்து. கார்கில் போரில் எங்கே கோட்டை விட்டோம் என்று ஆராய்ந்த குழுவுக்கும் அவரே தலைவர். மகன், வெளியுறவு அமைச்சர் ஜெய்சங்கரை உங்களுக்கே தெரியும்.

இந்த இடம் விளம்பரம் பார்த்து விண்ணப்பித்து வாங்குவதில்லை. பெரும்பாலும் நாற்பத்தைந்து, ஐம்பது வயதில் கூப்பிடுவார்கள். ஒரு நாட்டைப் பற்றியோ ஒரு விஷயத்தைப் பற்றியோ இவரைக் கேட்டால் தெரியும் என்று ஆகிவிட்டவரைத்தான் கூப்பிடுவார்கள். அதுவரைக்கும் சோறு போடுவது எது என்பதுதான் நாம் பேச வேண்டியது.

ஐ.எஃப்.எஸ். (வெளியுறவுப் பணித் தேர்வு) எழுதட்டும் என்று எல்லோரும் சொல்வார்கள், அதை நான் வேறு சொல்ல வேண்டாம். 'குளோபல் அஃபேர்ஸ்' என்று பளபளவென்று பெயர் வைத்து ஆண்டுக்குப் பல லட்சம் வாங்கும் தனியார் பல்கலைக்கழகங்களும் வேண்டாம். லண்டனில் எம்.ஏ. படிக்க வீட்டை அடமானம் வைக்கலாமா என்று கடைசியில் கேட்டிருந்தீர்கள். வைக்கக் கூடாது. ஆரம்பத்தில் சம்பளம் குறைவாக இருக்கிற துறை இது, நாற்பது லட்சம் கடனைத் தூக்கிக்கொண்டு இதற்குள் வந்தால் இரண்டே வருடத்தில் கிடைத்த வேலைக்கு ஓடத்தான் தோன்றும்.

நான் சொல்வது யாரும் திரும்பிப் பார்க்காத வழி. முதலில் ஒரு மொழி. டெல்லி ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் (ஜே.என்.யூ.) சீன மொழியில் பி.ஏ. ஆனர்ஸ் இருக்கிறது. சீனம் பிடிக்காவிட்டால் ரஷ்யன், பாரசீகம், கொரியன், அரபு என்று வரிசையாக உண்டு. க்யூட் என்ற பொது நுழைவுத் தேர்வு எழுத வேண்டும், ஆனால் சீன எழுத்து ஒன்றுகூடத் தெரியாமல் போய் உட்காரலாம், முதல் எழுத்திலிருந்து சொல்லித் தருவார்கள். படிப்புக் கட்டணம் ஆண்டுக்குச் சில நூறு ரூபாய்தான். நம்பிக்கை வராது, அவர்கள் தளத்தில் நீங்களே பாருங்கள். விடுதி, மெஸ், ரயில் டிக்கெட், ஒரு நல்ல ஸ்வெட்டர், செலவெல்லாம் அதில்தான். டெல்லி வேண்டாம் என்றால் சாந்திநிகேதனில் சீன பவனா என்ற சீன மொழித் துறை இருக்கிறது, தாகூர் இருந்தபோதே, 1937ல் தொடங்கியது.

ஏன் மொழி? இலங்கையின் அம்பாந்தோட்டைத் துறைமுகம் 99 வருடக் குத்தகைக்குச் சீனாவிடம் போனதைப் பற்றி உங்கள் பெண் பள்ளியில் கட்டுரை எழுதினாள் என்றீர்களே, அதை ஆங்கிலச் செய்தியை வைத்து யாரும் எழுதலாம். பெய்ஜிங்கில் அதைப் பற்றித் தங்களுக்குள் என்ன எழுதிக்கொள்கிறார்கள் என்று படிக்கத் தெரிந்தவள் எழுதினால் அது வேறு. செய்தித்தாள் படிக்கவே இரண்டாயிரம், மூவாயிரம் எழுத்து தெரிய வேண்டும். அந்த உழைப்புக்குப் பயந்துதான் பாதிப் பேர் இந்தப் பக்கமே வருவதில்லை. (சிங்களம் படித்த தமிழ்ப் பிள்ளை ஒருத்தி வந்தாலும் நான் கையெடுத்துக் கும்பிடுவேன், அது வேறு கதை.)

அப்புறம் அதே ஜே.என்.யூ.வில் சர்வதேச உறவுகள் எம்.ஏ., பிறகு பிஎச்.டி. நெட் என்ற தகுதித் தேர்வில் ஜே.ஆர்.எஃப். (ஆராய்ச்சி மாணவர்களுக்கான உதவித் திட்டம்) கிடைத்தால் மாதம் 37,000 ரூபாய் உதவித்தொகை. அதன்பின் ஐ.டி.எஸ்.ஏ., டெல்லி சப்ரு ஹவுஸில் இருக்கும் உலக விவகாரக் குழு, பல்கலைக்கழகங்கள் என்று கதவுகள் இருக்கின்றன. நடுவில் மனசு மாறினாலும் மொழி கைவிடாது. சுங்குவார்சத்திரம் ஃபாக்ஸ்கானும் செய்யாறு ஷூ கம்பெனியும் தைவான்காரர்கள் நடத்துவது. அங்கிருந்து வரும் அதிகாரிகள் பேசுவதும் மாண்டரின் என்கிற இதே சீனம்தான். எழுத்து வடிவம் கொஞ்சம் மாறும், பழகிக்கொள்ளலாம்.

உங்கள் பெண்ணுக்கும் ஒரு கண்டிஷன் உண்டு. பொதுத்தேர்வு முடிந்ததும் இரண்டு மாதம், தினமும் ஐந்து எழுத்து, நோட்டில் கையால் எழுதட்டும். மூன்றாவது வாரத்திலேயே நோட்டைத் தூக்கிப் போட்டாள் என்றால் ஆசை செய்தி சேனலோடு சரி, வேறு படிப்பைப் பற்றி உட்கார்ந்து பேசுவோம். முந்நூறு எழுத்து எழுதிவிட்டாள் என்றால் பெரியப்பா, மாமா, பக்கத்து வீடு யாரும் வாயைத் திறக்கக் கூடாது. அவள் அப்பாவிடமும் இதையே சொல்லுங்கள். க்யூட் விண்ணப்பத்தை மட்டும் இப்போதே போட்டுவிடுங்கள், தேதி போய்விட்டால் ஒன்றும் செய்ய முடியாது.

மாமா கட்டிய பணத்துக்கு ரசீது வாங்கினாரா? திங்கட்கிழமையே போய்த் திருப்பிக் கேட்கச் சொல்லுங்கள். தாமதித்தால் பிடித்தம் போகத்தான் தருவார்கள்.