உங்கள் குகையில் எது எரிகிறது?

அன்புள்ள அக்கா,

இரண்டு வருடமாக ஒரு மிகைபுனைவு நாவல் எழுதுகிறேன். வெயிலே எட்டாத குகை நகரம். மின்மினிகளைக் குடுவையில் அடைத்துக் கடைகளில் விற்பார்கள், அதுதான் அங்கே விளக்கு. அந்த உலகத்துக்கு ‘ஒளிரம்’ என்று ஓர் அலகு வைத்திருக்கிறேன். ஒளியின் செறிவை அளக்கும் சர்வதேச அலகு கேண்டெலா; அதில் 12இல் ஒரு பங்கு ஓர் ஒளிரம். பின்னிணைப்பில் மாற்று அட்டவணையும் போட்டிருக்கிறேன். 12இன் மடங்காகப் போவது சரியா, 10 நல்லதா? பெயர் தூய தமிழில் இருப்பது உறுத்துமா?

ம.

அன்புள்ள ம.,

பன்னிரண்டோ பத்தோ, உங்கள் விருப்பம். பெயர் நன்றாக இருக்கிறது, வைத்துக்கொள்ளுங்கள். அட்டவணையை மட்டும் கிழித்துப் போடுங்கள். வெயிலையே பார்க்காத ஜனங்களுக்குக் கேண்டெலாவை யார் சொல்லிக் கொடுத்தது? இரண்டு வருடம் உழைத்து ஒரு நகரத்தைக் கட்டிவிட்டு, அதன் வெளிச்சத்தை மட்டும் பாடப்புத்தகத்திலிருந்து கடன் வாங்கியிருக்கிறீர்கள். எனக்கு நிஜமாகவே கோபம் வந்தது.

கேண்டெலா என்றால் லத்தீனில் மெழுகுவர்த்தி. 1860இல் லண்டனுக்கு ஒரு சட்டம் வந்தது. வீடுகளுக்கும் தெருக்களுக்கும் கேஸ் விற்ற கம்பெனிகள் சொன்னபடி வெளிச்சம் தருகின்றனவா என்று பார்க்க ஒரு மெழுகுவர்த்தியை அளவாக வைத்தார்கள். ஸ்பெர்ம் திமிங்கிலத்தின் தலையிலிருந்து எடுத்த மெழுகு, எடை ஒரு பவுண்டில் ஆறில் ஒரு பங்கு, மணிக்கு 120 கிரெயின் (பழைய ஆங்கிலேயச் சிற்றெடை) எரிய வேண்டும். பிரான்சில் கார்செல் விளக்கு, மணிக்கு 42 கிராம் கடுகின எண்ணெய். ஜெர்மனியில் 1884இல் ஹெஃப்னர் விளக்கு, சுடர் 40 மில்லிமீட்டர் உயரம். திமிங்கிலம் பிடிக்கிற நாடு திமிங்கிலத்தால் அளந்தது, எண்ணெய் வித்து விளைகிற நாடு எண்ணெயால் அளந்தது. காசு கொடுத்தவனுக்கும் வாங்கியவனுக்கும் தகராறு வந்த பிறகுதான் அலகு வந்தது.

உங்கள் கடிதம் வந்த நேரம் சோழர் கல்வெட்டுகளை வாசித்துக்கொண்டிருந்தேன். கோயிலில் ஒரு நுந்தா விளக்கு, அதாவது அணையா விளக்கு, எரிய 96 ஆடு. ‘சாவா மூவாப் பேராடு’ என்று கல்லில் வெட்டியிருக்கும். செத்ததற்கும் கிழடானதற்கும் ஈடாகக் குட்டிகள் சேர, எண்ணிக்கை குறையவே கூடாது. ஆட்டை வாங்கிக்கொண்டவர் நாள்தோறும் ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். விளக்கு எவ்வளவு பிரகாசம் என்று ஒரு வார்த்தை கிடையாது. ஆடு இத்தனை, நெய் இத்தனை, அவ்வளவுதான். லண்டன் சட்டத்தின் 120 கிரெயினும் அதே யோசனைதானே? எவ்வளவு எரிகிறதோ அவ்வளவு வெளிச்சம். அந்த ஒரு வரியில் மேய்ச்சல் நிலம், இடையர், கோயில், அளக்கிற படி எல்லாம் வந்துவிடுகிறது. உங்கள் ஒளிரத்தில் யார் வருகிறார்கள்?

மின்மினி சாகும், தம்பி. சாயங்காலம் வாங்கின குடுவை விடிவதற்குள் மங்கும். கடைக்காரன் செத்த பூச்சியைக் கலந்து விற்பான். வாங்கினவள் திரும்பி வந்து சண்டை போடுவாள். அவர்கள் வழக்கை யார் தீர்ப்பது, எதை வைத்துத் தீர்ப்பது? அங்கேதான் உங்கள் அலகு பிறக்கும். அந்தக் காட்சியை எழுதாமல் அட்டவணை போட்டிருக்கிறீர்களே.

இன்னொன்று. 1729இலேயே பூகே என்ற பிரெஞ்சுக்காரர் புரிந்துகொண்டது: வெளிச்சம் எவ்வளவு என்று கண்ணால் சொல்ல முடியாது, பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் இரண்டும் சமமா என்று சொல்ல முடியும். அதனால் உங்கள் நீதிபதியின் கையில் ஒப்பிட ஒரு குடுவை இருந்தாக வேண்டும்.

எங்கள் வீட்டுக்கு நான் எட்டாவது படிக்கும்போதுதான் கரண்டு வந்தது. அதுவரை ஓர் அரிக்கேன் விளக்கு, இரண்டு சிம்னி விளக்கு. அப்பாயிக்கு வெளிச்சத்தில் மூன்று அளவு உண்டு: ஆள் தெரியுற வெளிச்சம், கல் பொறுக்குற வெளிச்சம், நூல் கோக்குற வெளிச்சம். “கல் பொறுக்குற அளவுக்கு ஏத்துடி” என்றால் திரியை எங்கே நிறுத்துவது என்று எனக்குக் கை தெரியும். மண்ணெண்ணெய்க்குப் பஞ்சமான வீடு, ஒரு சுற்று கூடுதலாகத் திருப்பிவிட்டால் திட்டு விழும்.

ஒரு வருடம் நூல் கோக்குற வெளிச்சத்தில் அப்பாயியால் நூல் கோக்க முடியவில்லை. எண்ணெயில் தண்ணி கலக்கிறான் என்று கடைக்காரரிடம் போய்ச் சத்தம் போட்டுவிட்டு வந்தார். எண்ணெய் சரியாகத்தான் இருந்தது. கண்ணில் புரை விழுந்திருந்தது.

1979இல் கேண்டெலாவைத் திருத்தியபோது மெழுகு, அதற்குப் பின் அளவாக வைத்திருந்த உருகிய பிளாட்டினத்தின் ஒளி எல்லாவற்றையும் விட்டுவிட்டு, 540 டெராஹெர்ட்ஸ் அதிர்வெண் ஒளியைப் பிடித்துக்கொண்டார்கள். மஞ்சள் கலந்த பச்சை. பகலில் மனிதக் கண் அதிகம் உணர்வது அந்த நிறத்தைத்தான். மீட்டர், கிலோகிராம் என்று போகிற ஏழு சர்வதேச அடிப்படை அலகுகளில் மனிதக் கண்ணைக் கணக்கில் சேர்த்தது இது ஒன்றுதான். மங்கலான இடத்தில் நம் கண்ணே நீலத்தின் பக்கம் சாய்கிறது. அப்படியென்றால் தலைமுறை தலைமுறையாக இருட்டில் கிடக்கும் உங்கள் குகைவாசிகளின் கண் எப்படி இருக்கும்? வெளியிலிருந்து ஒருவன் வந்து ‘இருட்டாக இருக்கிறதே’ என்றால் அவர்களுக்குப் புரியுமா? நீங்கள் இதை யோசித்த மாதிரியே தெரியவில்லை.

அப்பாயி சண்டை போட்டுவிட்டு வந்த அன்று ராத்திரி அம்மா எதுவும் சொல்லவில்லை. அரிக்கேன் திரியை ஒரு சுற்று கூடுதலாக ஏற்றி வைத்தாள். அப்பாயி ஊசியை உயரத் தூக்கிப் பிடித்து, நாலு தடவை முயன்று கோத்துவிட்டு, “பாத்தியா, கேட்டதும் நல்ல எண்ணெய் குடுத்திருக்கான்” என்றார்.