நல்ல மனுஷன், ஆனா ஒரு விரிசல்

அன்புள்ள அண்ணா,

போன வாரம் ஜப்பான் டைரக்டர் குரோசவாவோட 'செவன் சாமுராய்' பாத்தேன், மறுநாளே 'இகிரு'. ரெண்டுலயும் ஒரே நடிகர்தான்னு தேடிப் பாத்த அப்புறம்தான் தெரிஞ்சுது. தாகாஷி ஷிமுராவப் பத்தி ஏன் யாரும் பேசுறதில்ல, எல்லாம் 'செவன் சாமுராய்'ல கூட நடிச்ச தோஷிரோ மிஃபுனேவாவே இருக்கு? என் ரூம்மேட் "அவரு எப்பவும் வர்ற நல்ல பெரியவர் டைப்புதானே"ங்கிறான். அவ்ளோதானா?

எஸ்.கே., ஈரோடு

அன்புள்ள எஸ்.கே.,

உங்க ரூம்மேட்ட 'ராஷோமான்' (1950) பாக்கச் சொல்லுங்க. ஒரு கொலைய ஆளாளுக்கு ஒரு விதமா சொல்ற கதை, அதுல ஷிமுரா விறகுவெட்டி. இடிஞ்ச நகர வாசல்ல மழைக்கு ஒதுங்கி "புரியல, ஒண்ணுமே புரியல"ன்னு புலம்பிட்டு இருப்பார், சரி இந்த ஒரு ஆளாவது உண்மை சொல்றார்னு நம்பி நாமளும் பின்னாடியே போவோம், கடைசில பாத்தா கொலை நடந்த எடத்துல இருந்த குத்துவாள் காணாமப் போனதுக்கே இவர்தான் காரணம்னு ஆகுது. மாட்டிக்கிட்ட அந்த நிமிஷம் அவர்கிட்ட பதில் இல்ல, முகம் அப்படியே சுருங்கிடும். அதே ஆளுதான் அடுத்து, யாரோ போட்டுட்டுப் போன குழந்தைய வாங்கிட்டு வீட்டுக்குப் போறார்.

அவரோட நல்லவங்க பெரும்பாலும் இப்படித்தான். 'ட்ரங்கன் ஏஞ்சல்' (1948) டாக்டர் காசநோய் வந்த ரவுடியக் காப்பாத்தப் படாதபாடு படுறார், ஆனா அவரே ஒரு குடிகாரர், கோவம் வந்தா கைல கெடச்சத எடுத்து எறியுற டைப். 'ஸ்கேண்டல்' (1950) வக்கீல் மகள் மேல உயிரா இருக்கார், ஆனா எதிர்த்தரப்புகிட்ட லஞ்சம் வாங்கிடறார். அந்தப் படத்தோட கடைசிப் பகுதி எனக்கு ஓவர் அழுகாச்சி, ஆனா கூனிக் குறுகி, கண்ணப் பாத்துப் பேசத் தெரியாம நிக்கிற அந்த வக்கீல மறக்க முடியல.

மிஃபுனே விஷயத்துக்கு வர்றேன். 'ட்ரங்கன் ஏஞ்சல்'ங்கிற டைட்டிலே டாக்டரத்தான் சொல்லுது, படத்தத் தூக்கிட்டுப் போனது புதுசா வந்த மிஃபுனே, அவர அடக்க முடியலன்னு குரோசவாவே தன்வரலாறுல எழுதிருக்கார். ஆனா மிஃபுனே அப்படித் துள்ளுறதுக்கு எதிர்ல ஒருத்தர் அசையாம நிக்கணும்ல, அது ஷிமுரா. 'ஸ்ட்ரே டாக்' (1949)ல மிஃபுனே துப்பாக்கியத் தொலைச்சிட்டுத் தவியாத் தவிக்கிற சின்னப் போலீஸ், இவர் சீனியர். விசாரணைக்கு வந்த பொண்ணு கூட ஐஸ் சாப்பிட்டுக்கிட்டு ஊர்க்கதை பேசுற மாதிரியே விஷயத்தக் கறந்துடுவார்.

நீங்க பாத்த ரெண்டு படத்தோட வித்தியாசம் மேக்கப்ல மட்டும் இல்ல. 'இகிரு' (1952)ல வயித்துல கேன்சர் வந்த நகராட்சி செக்ஷன் தலைவர், கழுத்து உள்ள போயிருக்கும், குரல் தொண்டையத் தாண்டாது. ரெண்டு வருஷம் கழிச்சு 'செவன் சாமுராய்'ல அந்த ஏழு பேருக்குத் தலைவர் கம்பெய், அதே உடம்பு நிமிந்து நிக்குது, யோசிக்கும்போது மொட்டைத்தலையத் தடவுறதோட சரி. அந்த 1954லயே நவம்பர்ல 'காட்ஜில்லா' வேற. ஊரையே நாசம் பண்ற மிருகத்தக் கொல்லாதீங்க, ஆராய்ச்சி பண்ணணும்னு வருத்தப்படுற விஞ்ஞானி. கவனிச்சீங்களா, அங்கயும் ஒரு விரிசல்.

அவர் குரோசவாவோட ஆள் மட்டும்னு நெனச்சா அது தப்பு. 1905ல ஹியோகோ பக்கம் பிறந்து, ஒசாகா நகராட்சி குடிநீர் ஆபீஸ்ல வேலை பாத்துக்கிட்டே இங்கிலீஷ் இலக்கியம் படிச்சு, நாடகத்துக்குப் போய், முப்பதுகள்ல சினிமாவுக்கு வந்தவர். ('இகிரு' செக்ஷன் தலைவர நெனச்சா எனக்கு அந்தக் குடிநீர் ஆபீஸ்தான் ஞாபகம் வரும்.) 1936லயே இன்னொரு டைரக்டர் மிசோகுச்சியோட 'ஒசாகா எலிஜி'ல துப்பறியும் போலீஸ், 1939ல ஒரு சாமுராய் மியூசிக்கல்ல ஜாலியா பாட்டு. குரோசவா முதல் படம் எடுத்ததே 1943லதான், அதுலயும் இவர் இருக்கார், மொத்தம் குரோசவாவோட 30 படத்துல 21ல இருக்கார்.

அறுபதுகள்ல ரோல் சின்னதாகுது. 'யோஜிம்போ'ல ஒரு கோஷ்டிக்குப் பின்னாடி நிக்கிற சாராய முதலாளி, 'சஞ்சுரோ'ல ஊழல் அதிகாரி. ரூம்மேட்டோட நல்ல பெரியவர் எங்க போனார்னே தெரியாது. 1969ல 'தோரா-சான்'ங்கிற காமெடி வரிசையோட முதல் படத்துல மகனோட பேச்சுவார்த்தை இல்லாத ப்ரொஃபஸர், மகன் கல்யாணத்துல எழுந்து தடுமாறித் தடுமாறிப் பேசுவார், கொஞ்ச நேரம்தான், அதுக்காகவே அந்தப் படத்தப் பாக்கலாம். குரோசவாவோட கடைசியா 1980ல 'ககெமுஷா'. வெளிநாட்டுக்குப் போன பிரிண்ட்ல அவர் வர்ற சீன வெட்டிட்டாங்க, அதனால பாத்தீங்கன்னா முழு ஜப்பானிய வெர்ஷனாப் பாருங்க. அதுக்கு முன்னாடி 'ஸ்ட்ரே டாக்'.